நிறுத்தத் தெரிந்த இசைக்குழு: ஏதென்ஸ் நகரின் பைலான்

1983 டிசம்பர் 1 அன்று, அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்திலுள்ள ஏதென்ஸ் நகரில், பைலான் என்னும் ராக் இசைக்குழு தன் இறுதி நிகழ்ச்சியை நடத்திக் கலைந்தது. குழு தோன்றி ஐந்து ஆண்டுகள்கூட நிறைவுறவில்லை. அதே ஆண்டில்தான் அதன் இரண்டாம் இசைத்தொகுப்பு வெளிவந்திருந்தது. யூ2 குழுவுக்கு முன்பாக மேடையேறும் வாய்ப்பும் வாய்த்திருந்தது. வளர்ச்சியின் வாசலில் நின்ற குழு ஏன் கலைந்தது? இதற்கான விடையை அந்த ஊரிலிருந்தே தேடத் தொடங்க வேண்டும்.

அட்லாண்டாவிலிருந்து ஏறத்தாழ 110 கி.மீ. தொலைவிலுள்ள ஏதென்ஸின் வாழ்வு, 1785இல் சாசனம் பெற்ற ஜார்ஜியா பல்கலைக்கழகத்தைச் சுற்றியே அமைந்தது. 1970களின் பிற்பகுதியில் அங்கு வாடகை குறைவு; கலைத்துறை மாணவர்கள் மிகுதி; வீட்டு விருந்துகளே இசை அரங்குகள். பி-52ஸ் குழு 1977 காதலர் தினத்தன்று முதன்முதலில் வாசித்ததும் அத்தகைய விருந்தொன்றில்தான். பைலானின் டிரம்ஸ் கலைஞர் கர்டிஸ் குரோவின் மாடியறை விருந்துகளிலிருந்து பிறந்ததே புகழ்பெற்ற 40 வாட் கிளப். அவ்வறையில் எரிந்த ஒற்றை விளக்கே அதற்குப் பெயராயிற்று.

கித்தார் கலைஞர் ராண்டல் பியூலி, பேஸ் கலைஞர் மைக்கேல் லகோவ்ஸ்கி, பாடகி வனெஸ்ஸா பிரிஸ்கோ ஆகியோர் அப்பல்கலைக்கழகத்தில் கலை பயின்றவர்கள். தேர்ந்த இசைப் பயிற்சி பெற்றவர்கள் அல்லர். நியூயார்க்கில் ஒருமுறை வாசிப்பது, அங்குள்ள இசை இதழொன்றில் தம்மைப் பற்றி எழுதப்படுவது, பின்னர் கலைந்துவிடுவது என்பதே அவர்களின் தொடக்கத் திட்டம். இசைக்குழுவையே ஒரு கலைப்படைப்பாக அவர்கள் கருதினர். 1979இலேயே நியூயார்க் மேடை கிட்டியபோதும், இசை மகிழ்வு தந்ததால் தொடர்ந்தனர். அட்லாண்டாவின் சிறு நிறுவனமான டிபி ரெக்கார்ட்ஸ் 1980இல் 'கைரேட்', 1983இல் 'சாம்ப்' ஆகிய தொகுப்புகளை வெளியிட்டது.

அடுத்த படி, பெருங்குழுக்களின் நிழலில் நெடும்பயணம் செய்வது. அது இசையை முழுநேரத் தொழிலாக்கும் வழி. மகிழ்ச்சி குன்றுவதை உணர்ந்த குழுவினர் அவ்வழியில் செல்லாமல் நிறுத்திக்கொண்டனர். குறைந்த செலவில் வாழவும், நண்பர்களின் நடுவே வாசிக்கவும் இடமளித்த ஊரில் அவர்களின் இசை பிறந்தது. பிழைப்புக்காக இசைக்க வேண்டியிராத அச்சூழலே நிறுத்துவதற்கான சுதந்திரத்தையும் வழங்கியது எனலாம்.

ஆயினும் வரலாற்று நூல்களில் பைலான் பெரும்பாலும் ஆர்.இ.எம். குழுவின் முன்னோடியாகவே இடம்பெறுகிறது. 1987இல் ரோலிங் ஸ்டோன் இதழ் ஆர்.இ.எம்.மை அமெரிக்காவின் தலைசிறந்த ராக் குழு என்று அறிவித்தபோது, அப்பெருமை பைலானுக்கே உரியது என்றார் அக்குழுவின் பில் பெர்ரி. அப்புகழுரை பைலானின் பெயரைக் காத்தது. அதேவேளை, மற்றொரு குழுவின் வரலாற்றுக்குள் அதை ஓர் அடிக்குறிப்பாகவும் ஆக்கியது. நீண்ட ஆயுளையும் விற்பனையையும் வெற்றியின் அளவுகோலாகக் கொண்டது இசைத்தொழில். ஆய்வாளரும் அதே அளவுகோலை ஏற்கும்போது, தாமே தேர்ந்துகொண்ட முடிவும் தோல்வியாகப் பதிவாகிவிடுகிறது.

1989இல் மீண்டும் இணைந்த குழு 1990இல் 'செயின்' தொகுப்பை வெளியிட்டு மறுபடியும் கலைந்தது. 2004இல் மீண்டும் மேடையேறியது. 2009இல் பியூலியின் மறைவோடு அந்த நால்வர் குழுவின் கதை முடிந்தது. 1983ஆம் ஆண்டின் அந்த இறுதி இரவின் ஒலிப்பதிவு 2016இல் தொகுப்பாக வெளிவந்தது. தளர்ந்துபோன ஒரு குழுவின் முடிவா அது என்பதை இன்று எவரும் கேட்டே தீர்மானிக்கலாம்.