தசையிலிருந்து ரத்தத்துக்கு: சிகே டெஸ்ட் வந்த கதை

சில ஹெல்த் செக்கப் பேக்கேஜ்களில் 'சிபிகே' என்று ஒரு வரி இருக்கும். சில லேப்களில் 'சிகே' என்று போடுவார்கள். ரெண்டும் ஒண்ணுதான், கிரியேட்டின் கைனேஸ். நார்மல் 200 பக்கத்தில் என்று அச்சடித்திருப்பார்கள், உங்களுக்கு 1,900 என்று தடித்த எழுத்தில் வந்திருக்கும். ரெண்டு நாள் முன்னாடிதான் ஜிம்மில் லெக் டே பண்ணியிருப்பீங்க. கூகுள் பண்ணினால் தசை அழிவு, கிட்னி ஃபெயிலியர், ஹார்ட் அட்டாக் என்று எல்லாமே வரும். ஒரே நம்பருக்கு இத்தனை அர்த்தம் எப்படி வந்தது? அதைத்தான் இன்னைக்குப் பேசப்போறோம்.

கிரியேட்டினை 1832-ல் பிரெஞ்சு வேதியியலாளர் செவ்ரல் இறைச்சிச் சாற்றிலிருந்து பிரித்தெடுத்தார். கிரேக்க மொழியில் இறைச்சிக்கு 'கிரேயாஸ்', அதிலிருந்து வந்த பெயர். நூறு வருஷம் கழித்து, 1934-ல், ஜெர்மனியின் கார்ல் லோமன் இதன் வேலையைக் கண்டுபிடித்தார். தசை சட்டென்று சக்தி கேட்கும்போது, கிரியேட்டின் பாஸ்பேட்டில் சேர்த்து வைத்ததை ஏடிபியாக மாற்றிக் கொடுக்கிறது ஒரு என்சைம். அதுதான் கிரியேட்டின் கைனேஸ். அது இருக்க வேண்டிய இடம் தசை செல்லுக்குள்ளே. ரத்தத்தில் நிறைய இருக்கிறது என்றால், எங்கேயோ செல்லின் சுவர் கசிகிறது என்று அர்த்தம். அந்த நம்பர் சொல்வது அவ்வளவுதான். ஏன் கசிகிறது என்று அது சொல்லாது.

இந்தக் கசிவை நோயாளிகளிடம் முதலில் காட்டியது டோக்கியோவில். 1959-ல் செட்சுரோ எபாஷியும் கூட வேலை பார்த்தவர்களும், தசைச்சிதைவு நோய் இருப்பவர்களின் ரத்தத்தில் இந்த என்சைம் மிக அதிகமாக இருப்பதாக ஒரு சிறிய கட்டுரையில் எழுதினார்கள். அதற்கு முன்னாலும் வேறு என்சைம்களை அளந்து பார்த்திருக்கிறார்கள். சிக்கல் என்னவென்றால், அவை ஈரலிலும் இருப்பவை. ஈரல் கெட்டாலும் ஏறும். கிரியேட்டின் கைனேஸ் ஈரலில் கிட்டத்தட்ட கிடையாது. அதனால் இது ஏறினால் தசை, இதயம் பக்கம்தான் பார்க்க வேண்டும்.

டூஷேன் தசைச்சிதைவு பெரும்பாலும் ஆண் குழந்தைகளுக்கு வருவது. மூணு நாலு வயசில் அடிக்கடி விழுவான். தரையிலிருந்து எழும்போது, தன் தொடையிலேயே கையை ஊன்றி ஊன்றி ஏறுவான். 'சோம்பேறி'ன்னு திட்டு வாங்கின பிள்ளைகள் எத்தனை பேரோ. ஆனால் அவன் பிறந்த அன்றைக்கே ரத்தத்தில் சிகே பல ஆயிரங்களில் இருக்கும். கண்ணுக்குத் தெரிவதற்கு வருஷக்கணக்கில் முன்னாடியே ரத்தம் சொல்லிவிடுகிறது.

இங்கேதான் கதை கனமாகிறது. இந்த நோயின் மரபணு பல குடும்பங்களில் அம்மா வழியாக வருகிறது. அம்மாவுக்குப் பொதுவாக நோய் தெரியாது. ஆனால் அப்படிப்பட்ட பெண்கள் பலருக்கு சிகே கொஞ்சம் கூடுதலாக இருப்பதை 1960-களில் கவனித்தார்கள். அப்புறம் என்ன ஆகும்? தம்பிக்கு நோய் இருக்கிற ஓர் அக்கா கல்யாணத்துக்கு முன்னாடி, குழந்தை பெறுவதற்கு முன்னாடி, இந்த டெஸ்டுக்கு வந்து நிற்பாள். நம்பர் நார்மல் என்றால் நிம்மதி. ஆனால் மரபணுவைச் சுமக்கும் பெண்களில் கணிசமானவர்களுக்கும் நம்பர் நார்மலாகவே இருக்கும். போதாக்குறைக்கு, கர்ப்பத்தின் ஆரம்ப மாதங்களில் சிகே இயல்பாகவே இறங்கும். அதாவது ரொம்ப அவசரமாகப் பதில் தேவைப்படுகிற நேரத்தில், இந்த டெஸ்ட் இன்னும் மோசமாக ஏமாற்றும். 1980-களின் பிற்பகுதியில் மரபணுவையே கண்டுபிடிக்கும் வரை, அந்தப் பெண்கள் இந்தக் கணக்கையும் குடும்ப வரலாற்றையும் வைத்துத்தான் முடிவெடுக்க வேண்டியிருந்தது. மருத்துவ வரலாற்றில் இவங்களைப் பற்றி அதிகம் பேசுவதில்லை என்பது என் வருத்தம்.

இன்னொரு விஷயம். நோய் முற்ற முற்ற அந்தப் பையனின் சிகே குறையும். நல்லதுன்னு நினைக்காதீங்க. கசிவதற்குத் தசை மிச்சமில்லை என்று அர்த்தம்.

ஹார்ட் அட்டாக் பக்கம் வேகமாகப் போயிடலாம். இதயமும் தசைதானே, அது சாகும்போதும் சிகே ஏறும். இதயத்தில் கூடுதலாக இருக்கும் 'சிகே எம்பி' என்ற வகையைத் தனியாக அளந்து, பல வருஷம் மாரடைப்பை உறுதி செய்தார்கள். பிறகு அதைவிடத் துல்லியமான டிரோபோனின் வந்தது. 2000-ல் ஐரோப்பிய, அமெரிக்க இதயவியல் அமைப்புகள் அதையே முதன்மையாக்கின. வேடிக்கை என்னன்னா, 1960-களில் டிரோபோனினைக் கண்டுபிடித்ததும் அதே எபாஷிதான்!

சரி, கிட்னி பயம் எங்கிருந்து வந்தது? 1941, லண்டன். ஜெர்மன் குண்டுவீச்சில் இடிந்த வீடுகளுக்கு அடியில் மணிக்கணக்கில் நசுங்கிக் கிடந்தவர்களை உயிரோடு மீட்டார்கள். பார்க்க நன்றாகவே இருந்தவர்கள், சிறுநீர் குறைந்து, சில நாளில் இறந்தார்கள். பைவாட்டர்ஸ், பீல் என்ற இரு மருத்துவர்கள் அதைப் பதிவு செய்தார்கள். நசுங்கிய தசையிலிருந்து வந்து கிட்னியைக் கெடுப்பது மயோகுளோபின் என்ற புரதம். சிகே அதோடு சேர்ந்து வெளியே வருவது, அவ்வளவுதான். அது விஷம் இல்லை, தடயம்.

இப்போ உங்க 1,900-க்கு வருவோம். பழக்கமில்லாத கனமான ஒர்க்கவுட்டுக்குப் பிறகு ஒண்ணிலிருந்து நாலு நாளுக்குள் சிகே உச்சத்துக்குப் போகும். ஆயிரங்களைத் தொடுவது அபூர்வம் இல்லை. ஆண்களுக்கும் தசை அதிகம் உள்ளவர்களுக்கும் ஆப்பிரிக்க வம்சாவளியினருக்கும் இயல்பாகவே கூடுதலாக இருக்கும். கொலஸ்ட்ராலுக்கு ஸ்டேட்டின் மாத்திரை போட்டாலும், தைராய்டு குறைந்தாலும் ஏறலாம். டாக்டரிடம் ஜிம், மாத்திரை, வலி எல்லாத்தையும் சொல்லுங்க. வலியோ பலவீனமோ இல்லையென்றால், ஒரு வாரம் உடற்பயிற்சியை நிறுத்திவிட்டு மறுபடி எடுக்கச் சொல்வது வழக்கம். ஓய்வெடுத்தும் இறங்கவில்லை என்றால்தான் மேலே தேட வேண்டும்.

அதே ரிப்போர்ட்டில் எஸ்ஜிஓடி, எஸ்ஜிபிடி ஏறியிருந்தால் உடனே ஈரல்னு முடிவு கட்டாதீங்க. அவை தசையிலிருந்தும் வரும். டூஷேன் இருந்த சில சிறுவர்களுக்கு ஈரல் வியாதியைத் தேடி பயாப்ஸி வரை போயிருக்கிறார்கள். சிகே பார்த்திருந்தால் அது தேவைப்பட்டிருக்காது.

ஆனால் ஒர்க்கவுட்டுக்கு அப்புறம் தசை வீங்கி, தாங்க முடியாத வலியோடு, சிறுநீர் கோலா நிறத்தில் போனால், லேப் ரிப்போர்ட்டுக்குக் காத்திருக்க வேண்டாம். அன்னைக்கே எமர்ஜென்சிக்குப் போங்க.