நான் சொல்லித்தராத தேதி



வரலாற்று வகுப்பில் உங்களை எத்தனையோ தேதிகளை மனப்பாடம் செய்ய வைத்தேன். ஒன்றை மட்டும் சொல்லித்தரவில்லை: 1992 ஜூன் 20.

அன்று தருமபுரி மாவட்டம் வாச்சாத்திக்குள், சந்தனக் கட்டை தேடுவதாகச் சொல்லி வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறையினர் புகுந்தார்கள். வீடுகளைச் சூறையாடினார்கள். 18 பழங்குடிப் பெண்களைப் பாலியல் வன்கொடுமை செய்தார்கள். பாதிக்கப்பட்டவர்களையே சிறையிலும் அடைத்தார்கள்.

"அரசு ஊழியர்கள் இப்படிச் செய்வார்களா?" என்று பலர் கேட்டார்கள். அரசுச் சம்பளம் வாங்கிய நானும் அப்படித்தான் நினைத்தேன்.

மலைவாழ் மக்கள் சங்கம் நீதிமன்றம் போனது. 1995இல் சிபிஐ விசாரணைக்கு உத்தரவு கிடைத்தது. அந்தப் பெண்கள் பின்வாங்காமல் சாட்சி சொன்னார்கள். குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் 54 பேர் தீர்ப்புக்கு முன்பே இறந்துபோனார்கள். மீதி 215 பேரும் குற்றவாளிகள் என்று 2011 செப்டம்பர் 29 அன்று தருமபுரி நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2023இல் சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதிசெய்து, ஒவ்வொரு பெண்ணுக்கும் 10 லட்சம் ரூபாய் இழப்பீடு தரச் சொன்னது. இதற்கு 31 ஆண்டுகள்!

நம்ம ஆலங்குளத்திலும் பெண்பிள்ளைகள் தினமும் பட்டாசு ஆலை வேனில் வேலைக்குப் போகிறார்கள். அவர்களில் ஒருத்தி ஏதாவது சொல்ல வந்தால், "வெளியே சொல்லாதே, மானம் போயிரும்" என்று அடக்காதீர்கள். மானம் போக வேண்டியது செய்தவனுக்கு. முதலில் அவளை நம்புங்கள். நான் அன்று செய்யத் தவறியது அதுதான்.