சேப்பாக்கத்தில் ஓர் இரட்டைச் சதம்

பாக்குநீரிணையின் இப்புறம் ஊர்காவற்றுறை, நெடுந்தீவு, நயினாதீவு முதலிய யாழ்ப்பாணத்துத் தீவுகள், அப்புறம் தமிழகம். இரு கரைகளுக்குமிடையே தோணிகள் வாணிகப் பொருள்களைச் சுமந்து சென்ற காலம் நெடிது. 1947ஆம் ஆண்டிலே அக்கடலைத் தாண்டிச் சென்று புகழீட்டியது ஒரு துடுப்பு.

அவ்வாண்டு சென்னைச் சேப்பாக்கம் மைதானத்தில் தென்னிந்திய அணியை இலங்கை அணி எதிர்த்தாடியது. அதிலே தமிழராகிய மகாதேவன் சதாசிவம் தனியொருவராய் 215 ஓட்டங்களைக் குவித்தார். அமெரிக்கரின் பேஸ்பால் ஆட்டத்தில் ஒரே போட்டியில் நான்கு ஹோம் ரன் அடித்தலே அருஞ்செயல். 1894இல் பாபி லோ முதன்முதலாக அதனைச் செய்தார். இன்றுவரை செய்தோர் சற்றேறக்குறைய இருபதின்மரே. ஆனால் அந்நாட்டு வீரர்க்கு ஆண்டுதோறும் நூற்றுக்கு மேற்பட்ட போட்டிகள் உண்டு. அக்கால இலங்கை வீரர்க்கோ பெரும்போட்டிகள் மிகச் சிலவே. கிடைத்த ஒரு வாய்ப்பிலே இருநூறைக் கடந்ததுதான் சதாசிவத்தின் பெருமை.

1948இல் பிராட்மனின் அவுஸ்திரேலிய அணி கொழும்பில் ஆடியபோது இலங்கையின் தலைவர் அவரே. பின்னர்ச் சிங்கப்பூர், மலாயா அணிகளுக்கும் அவர் தலைமை தாங்கினார். மேற்கிந்தியத் தீவுகளின் பெருவீரர் பிராங்க் வொரெல் அவரது ஆட்டத்தைப் பெரிதும் போற்றினார்.

சதாசிவம் 1977இல் மறைந்தார். இலங்கைக்கு டெஸ்ட் தகுதி கிட்டியது 1981இல். முதல் டெஸ்ட் 1982இல் நடைபெற்ற இடமோ, அவர் ஆடி வளர்ந்த கொழும்புத் தமிழ் யூனியன் கழகத்தின் மைதானம். டெஸ்ட் ஏடுகளில் அவர் பெயர் இல்லை. சேப்பாக்கத்தின் 215 அக்குறையை ஈடுசெய்து நிற்கின்றது.