எஸ்.ஜி. கிட்டப்பா: குரலை முதலாகக் கொண்ட மேடை வாழ்வும் அதன் விலையும்

முன்னுரை

தமிழ் இசை நாடக வரலாற்றில் தனியிடம் பெற்ற செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பா (1906–1933) 27 ஆண்டுகளே வாழ்ந்தார். அவரது அகால மரணத்திற்கு மதுப்பழக்கத்தையும் ஒழுங்கற்ற வாழ்க்கை முறையையும் காரணமாகச் சுட்டுவது வழக்கம். அக்காரணம் பிழையன்று, ஆயினும் போதுமானதன்று. கலைஞரின் புகழ்வேட்கையும் அக்கால நாடகத் தொழிலின் அமைப்பும் ஒன்றையொன்று வளர்த்த முறையை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஸ்பெஷல் நாடகமும் தனிக்கலைஞரும்

சிறுவயதிலேயே சகோதரர்களுடன் மேடையேறிய கிட்டப்பாவுக்கு நாடக சபையே பள்ளியாயிற்று. பின்னர், கன்னையா கம்பெனியின் ‘தசாவதாரம்’ முதலிய நாடகங்கள் அவருக்குப் பெரும்புகழ் தந்தன. கம்பெனி நாடகத்தில் ஒத்திகையும் கட்டுப்பாடும் உண்டு. ஸ்பெஷல் நாடகத்திலோ நிலையான குழு இல்லை. நடிகர்கள் தனித்தனியே ஒப்பந்தம் செய்யப்பட்டு, ஒத்திகையின்றி மேடையில் சந்தித்தனர். எனவே கூட்டத்தை ஈர்த்தது நாடகக் கதையன்று. விளம்பரத் தாளில் அச்சான பெயரே. பாட்டுக்குப் பாட்டு எதிர்நின்று வெல்வதே அங்குத் தகுதியாகக் கருதப்பட்டது.

ஒலிபெருக்கி பரவாத அக்காலத்தில், கொட்டகையின் கடைசி வரிசை வரை எட்டுமாறு உச்சத்தாயியில் இரவு முழுவதும் பாட வேண்டியிருந்தது. தியாகராசரின் ‘எவரனி’ போன்ற இசைத்தட்டுகள் அவர் குரலை வீடுகளுக்குள் கொண்டு சென்றன. குரல் ஒன்றே முதலாக அமைந்த தொழிலில் ஓய்வு என்பது வருவாய் இழப்பு மட்டுமன்று. மற்றொருவருக்கு இடம் விடுதலுமாகும். கிட்டப்பாவின் வேட்கையை இச்சூழலிலிருந்து பிரித்துப் பார்க்க இயலாது.

சிதைந்த இல்லறம்

இலங்கை நாடக மேடையில் கே.பி. சுந்தராம்பாளுடன் இணைந்த கிட்டப்பா, 1927 இல் அவரை மணந்தார். அதற்கு முன்பே அவர் மணமானவர். சுந்தராம்பாள் அவருக்கு எழுதி, பின்னர் அச்சேறிய கடிதங்களில் அன்பைக் காட்டிலும் பிரிவும் பாராமுகமும் தந்த துயரமே மிகுதியாக வெளிப்படுகிறது. பிறந்த குழந்தையும் நிலைக்கவில்லை. முதல் மனைவியோ நாடக வரலாறுகளில் பெரும்பாலும் ஓரிரு வரிகளில் கடந்து செல்லப்படுகிறார்.

உடல்நலம் குன்றிய நிலையிலும் கிட்டப்பா மேடையை விடவில்லை. 1933 இல் திருவாரூரில் நடித்துக்கொண்டிருந்தபோதே மயங்கி விழுந்தார். அவ்வாண்டு டிசம்பர் 2 அன்று மறைந்தார். அப்போது சுந்தராம்பாளுக்கு வயது 25. அதன்பின் வெள்ளாடை உடுத்திய அவர், ஆண் நடிகர் எவருடனும் இணைந்து நடிப்பதில்லை என உறுதி பூண்டார். ‘பக்த நந்தனார்’ (1935) திரைப்படத்தில் நந்தனாராகத் தாமே ஆண்வேடம் ஏற்றார்.

இத்துறவைக் கற்பின் அடையாளமாகப் போற்றும் வரலாறு, கணவர் வாழ்ந்த காலத்திலேயே அவர் கடிதங்களில் எழுப்பிய முறையீட்டைக் கேளாது விடுகிறது. காதல் காவியமாகச் சொல்லப்படும் கதையினுள் ஒரு பெண்ணின் நியாயமான குறை மறைந்து கிடக்கிறது.

முடிவுரை

கிட்டப்பாவின் பிழைகளைக் கழுவுவது இவ்வாய்வின் கருத்தன்று. அவரைப் பாடத் தூண்டிய வேட்கை அவருடையதே. அதற்கு ஓய்வு மறுத்தது நாடகத் தொழில். அதன் விலையை அவர் உடலும் இரு பெண்களின் வாழ்வும் செலுத்தின. இசை நாடக வரலாறு இனிப் பாடல்களையும் வசூலையும் மட்டுமன்றி, நடிகரின் உடலையும் குடும்பத்தாரின் கடிதங்களையும் சான்றுகளாகக் கொண்டு எழுதப்பட வேண்டும்.