ஜாவாவும் விண்டோஸ் நிரலகக் கோப்புகளும்: ஓர் எல்லைப் பூசலின் வரலாறு (1995–2025)

1995 மே 23 அன்று சன் மைக்ரோசிஸ்டம்ஸ் நிறுவனம் ஜாவா மொழியை அறிவித்தது. ‘ஒருமுறை எழுதுக, எங்கும் இயக்குக’ என்பதே அம்மொழியின் தலையாய வாக்குறுதியாக அமைந்தது. ஜாவாவின் தொகுப்பி மூலநிரலை எந்தக் கணினிக்கும் நேரடியாக உரியதல்லாத இடைநிலைக் குறிமுறையாக மாற்றுகிறது. அதனை ஒவ்வொரு கணினியிலும் உள்ள மெய்நிகர் இயந்திரம் படித்து இயக்குகிறது. ஜாவாவின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் இந்த இடைநிலைக் குறிமுறையைப் பற்றியே பேசுவர். அந்த மெய்நிகர் இயந்திரம் எதனால் ஆனது என்னும் வினா போதிய கவனம் பெறவில்லை. விண்டோஸ் கணினிகளைப் பொறுத்தவரை அவ்வினாவிற்கு விடை டிஎல்எல் என்னும் பின்னொட்டுடைய நிரலகக் கோப்புகளே.

ஜாவா நிறுவப்பட்ட விண்டோஸ் கணினியில் ‘பின்’ என்னும் உறையைத் திறந்து பார்ப்போர்க்கு இது விளங்கும். அங்குள்ள ஜாவா.இஎக்ஸ்இ, தொகுப்பியான ஜாவாசி.இஎக்ஸ்இ ஆகிய இரண்டும் உருவிற் சிறிய தொடக்கி நிரல்களே. தொடக்கியானது ஜேவிஎம்.டிஎல்எல் என்னும் கோப்பைத் தேடிக் கண்டு, நினைவகத்தில் ஏற்றி, மெய்நிகர் இயந்திரத்தை உருவாக்கும் செயற்கூற்றை அதனிடம் கேட்டு அழைக்கிறது. ஜாவா தொகுப்பியே ஜாவாவில் எழுதப்பட்டதாதலின், நிரலைத் தொகுப்பதற்கும் இதே நிரலகம் ஏற வேண்டும். வலைத்தொடர்புக்கு நெட்.டிஎல்எல், சுருக்கக் கோப்புகளை விரிக்க ஜிப்.டிஎல்எல், சாளரங்களுக்கு ஏடபிள்யூடி.டிஎல்எல் எனத் துணை நிரலகங்கள் உடனிருக்கின்றன. இவை யாவும் விண்டோஸுக்கென்றே ஆக்கப்பட்ட இயந்திரக் குறிமுறை. லினக்ஸில் இவற்றின் இடத்தை வேறு கோப்புகள் கொள்கின்றன. எங்கும் இயங்கும் மொழி, எங்கும் இயங்காத கோப்புகளின் மேல்தான் நிற்கிறது. இது குறையன்று, வேறு வழியில்லை. ஆயினும் அந்த எல்லையை ஆள்பவர் யார் என்னும் பூசல் இங்கிருந்தே தொடங்கியது.

எம்எஸ்ஜாவா.டிஎல்எல்லும் வழக்குகளும்

1996 மார்ச்சில் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் சன் நிறுவனத்திடமிருந்து ஜாவா உரிமம் பெற்றது. அவ்வாண்டு ஆகஸ்டில் வெளிவந்த இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 3 உலாவியுடன் மைக்ரோசாஃப்ட் தானே ஆக்கிய மெய்நிகர் இயந்திரமும் பரவியது. அதன் உயிர்நிலை எம்எஸ்ஜாவா.டிஎல்எல் என்னும் ஒரே கோப்பு. அது விரைவாக இயங்கியது என்பதை எதிர்த்தரப்பினரும் மறுக்கவில்லை.

1997 பிப்ரவரியில் வெளிவந்த ஜாவா 1.1 பதிப்பில், ஜாவா நிரல்கள் பிறமொழி நிரலகங்களை அழைப்பதற்கான பொது இடைமுகம் ஒன்றைச் சன் வகுத்தது. ஜேஎன்ஐ என்பது அதன் சுருக்கப்பெயர். அதன்படி, அழைக்கப்படும் நிரலகத்தைச் சி மொழியில் ஒரு குறிப்பிட்ட பெயர்முறையில் எழுத வேண்டும். ‘ஃபூ’ என்று ஜாவா கேட்டால் விண்டோஸில் ஃபூ.டிஎல்எல் என்றும், யுனிக்ஸ் வகைக் கணினிகளில் முன்னொட்டும் வேறு பின்னொட்டும் பெற்ற பெயரிலும் அந்நிரலகம் தேடப்படும். வேலை கூடுதல்தான், ஆனால் ஜாவாப் பகுதி மாறாது. மைக்ரோசாஃப்ட் இந்த இடைமுகத்தைத் தன் இயந்திரத்தில் சேர்க்கவில்லை. மாறாக, ஆர்என்ஐ என்னும் தனி இடைமுகத்தையும் ஜே/டைரக்ட் என்னும் குறுக்குவழியையும் தந்தது. ஜே/டைரக்டில் இடைப்பட்ட சி நிரல் எதுவும் வேண்டியதில்லை. ஜாவா மூலநிரலில் ஒரு குறிப்புரை போல யூசர்32 என்று நிரலகப் பெயரைச் சுட்டினாலே போதும், விண்டோஸின் செயற்கூறு நேரே கைக்கு வந்துவிடும். நிரலாளர் பார்வையில் இது மிக எளிதான வழி. அவ்வழியே எழுதிய நிரல் வேறு எக்கணினியிலும் இயங்காது என்பதே இதன் மறுபக்கம்.

1997 அக்டோபர் 7 அன்று சன் வழக்குத் தொடுத்தது. 1998 நவம்பரில் நீதிபதி ரொனால்டு வைட், மைக்ரோசாஃப்ட் தன் தயாரிப்புகளில் ஜேஎன்ஐ இடைமுகத்தைச் சேர்க்குமாறு இடைக்கால ஆணை பிறப்பித்தார். மேல்முறையீடுகளுக்குப் பின், 2001 ஜனவரியில் 2 கோடி டாலர் இழப்பீட்டுடன் அவ்வழக்கு உடன்பாட்டில் முடிந்தது. மைக்ரோசாஃப்டின் ஜாவா பழைய பதிப்பளவிலேயே உறைந்து நின்றது.

இவ்வழக்கினும் ஆழமான தீர்ப்பு, அமெரிக்க அரசு தொடுத்த தனியுரிமை எதிர்ப்பு வழக்கில் 2001 ஜூன் 28 அன்று வாஷிங்டன் மேல்முறையீட்டு நீதிமன்றம் அளித்ததாகும். போட்டியாளருடையதோடு பொருந்தாத மெய்நிகர் இயந்திரத்தை ஆக்கியது தன்னளவில் குற்றமன்று என்றது அத்தீர்ப்பு. அவ்வியந்திரம் விண்டோஸில் விரைவாக இயங்கியதையும் அது கருத்திற் கொண்டது. ஆனால், தன் மேம்பாட்டுக் கருவிகள் விண்டோஸுக்கு மட்டுமே உரிய நிரலைத் தருகின்றன என்பதை அறியாவண்ணம் நிரலாளரை ஏமாற்றியது சட்டமீறல் என்று முடிவு கூறியது. அதாவது, குற்றம் அந்தக் கோப்பிலன்று, அதைப் பற்றிச் சொல்லப்பட்டதிலேயே இருந்தது. இந்த வேறுபாடு பிற்கால எழுத்துகளில் பெரும்பாலும் மறைந்து, ‘மைக்ரோசாஃப்ட் ஜாவாவைக் கெடுத்தது’ என்னும் ஒற்றை வரியாகச் சுருங்கிவிட்டது.

2001 அக்டோபரில் வெளிவந்த விண்டோஸ் எக்ஸ்பியில் ஜாவா இயல்பாக இடம்பெறவில்லை. சன் மீண்டும் வழக்காடியது. 2004 ஏப்ரலில் மைக்ரோசாஃப்ட் ஏறத்தாழ 195 கோடி டாலர் தர உடன்பட்டது. எம்எஸ்ஜாவா.டிஎல்எல் கோப்புக்கான ஆதரவு 2007 இறுதியில் முடிவுற்றது. ஜே/டைரக்டின் கருத்தோ அழியவில்லை. டாட்நெட் தளத்தில் நிரலகங்களை நேரடியாக அழைக்கும் வசதியாக அது தொடர்ந்தது. மைக்ரோசாஃப்டின் ஜாவாக் கருவிகளில் பணியாற்றிய ஆண்டர்ஸ் ஹெல்ஸ்பெர்க்கே பின்னர்ச் சி ஷார்ப் மொழியின் தலைமை வடிவமைப்பாளரானார்.

காணாமற்போகும் கோப்பு

வழக்குகள் ஓய்ந்த பின்னும் நிரலகத் தொல்லை ஓயவில்லை. சன் வெளியிட்ட ஜாவா 6, எம்எஸ்விசிஆர்71.டிஎல்எல் என்னும் மைக்ரோசாஃப்டின் சி மொழி நிரலகத்தைச் சார்ந்திருந்தது. அது விண்டோஸின் உறுப்பன்று. பயன்படுத்தும் ஒவ்வொரு நிறுவனமும் தன் உறையிலேயே உடன்வைத்துக்கொள்ள வேண்டும். ஜாவாவும் அவ்வாறே தன் ‘பின்’ உறையில் வைத்தது. ஆனால் விண்டோஸ், சார்பு நிரலகங்களை முதலில் இயங்கும் நிரலின் உறையில்தான் தேடும், ஜேவிஎம்.டிஎல்எல் இருக்கும் உறையில் தேடாது. வேறொரு நிரல் ஜாவாவைத் தனக்குள் ஏற்ற முயன்றால், கோப்பு வட்டில் இருந்தும் ‘காணவில்லை’ என்னும் அறிவிப்பே எழும். பயனர் பலர் அக்கோப்பை முகமறியாத இணையதளங்களிலிருந்து இறக்கி விண்டோஸின் உறையிலேயே போட்டனர். நோயினும் மருந்து கொடிது. ஜாவாவை முறையாக மீள நிறுவுவதும், தேடும் பாதையைத் திருத்துவதுமே தக்க வழிகள்.

தமிழ் எழுத்தும் இக்கோப்புகளும்

தமிழுக்கும் இவ்வெல்லையில் ஒரு பங்குண்டு. ஜாவா தொடக்கம் முதலே ஒருங்குறியை அடிப்படையாகக் கொண்ட மொழி. 1991இல் வெளிவந்த ஒருங்குறி முதற்பதிப்பிலேயே தமிழ் இடம்பெற்றிருந்தது. ஆகவே தமிழ் எழுத்தைச் சேமிப்பதில் ஜாவாவுக்குத் தடையில்லை. காட்டுவதில்தான் சிக்கல். ‘கொ’ என்னும் எழுத்து நினைவகத்தில் ககரமும் அதன்பின் ஓர் உயிர்க்குறியுமாக இருக்கிறது. திரையிலோ அக்குறி பிளவுற்று ஒரு பாதி ககரத்தின் முன்னும் மறுபாதி பின்னும் வர வேண்டும். இவ்வரிசைமாற்றத்தை எழுத்து வடிவமைப்பு நிரலகம் செய்கிறது. விண்டோஸ் 2000 முதல் யூஎஸ்பி10.டிஎல்எல் இதைத் தமிழுக்குச் செய்துவந்தது.

ஜாவாவின் ஏடபிள்யூடி உரைப்பெட்டிகள் விண்டோஸின் சொந்தப் பெட்டிகளையே பயன்படுத்தின. ஸ்விங் பெட்டிகளோ ஜாவா உடன்கொணரும் ஃபான்ட்மேனேஜர்.டிஎல்எல்லைச் சார்ந்து தாமே எழுத்தை வரைந்தன. ஒரே நிரலின் ஒரே சாளரத்தில், ஒரே தமிழ்ச் சொல்லை இரு வேறு நிரலகங்கள் வடிவமைக்கும் நிலை இதனால் உண்டாயிற்று. எழுத்துரு சரியானதா, மூலநிரல் பிழையா என்று தேடுவோர், விடை இவ்விரண்டிலும் இல்லாமல் மூன்றாவதான ஒரு கோப்பில் இருப்பதை எளிதில் காண்பதில்லை. 2017இல் வந்த ஜாவா 9 பழைய வடிவமைப்புப் பொறிக்கு மாற்றாக, ஹார்ஃப்பஸ் என்னும் திறமூலப் பொறியை இயல்பான பொறியாக ஏற்றது. ஃபயர்ஃபாக்ஸ், குரோம் உலாவிகளிலும் உள்ள பொறி அது. தமிழ் வடிவமைப்பில் ஒரு பிழை திருத்தப்பட்டால் அது இனி ஜாவாவுக்கும் வந்து சேரும்.

மீண்டும் திறந்த வாயில்

2024 மார்ச்சில் வெளிவந்த ஜாவா 22, அயல் செயற்கூறுகளை அழைக்கும் புதிய இடைமுகம் ஒன்றை நிலையான உறுப்பாக ஏற்றது. அதன்படி ஒரு நிரலாளர் யூசர்32.டிஎல்எல்லின் செயற்கூற்றை, ஒரு வரி சி நிரலும் எழுதாமல், ஜாவாவிலிருந்தே அழைக்கலாம். 1997இல் வழக்குமன்றம் ஏறிய ஜே/டைரக்ட் அளித்த வசதியும் ஏறத்தாழ இதுவே. வேறுபாடு இரண்டு. புதிய இடைமுகம் லினக்ஸ், மேக் நிரலகங்களுக்கும் அதே வடிவில் பயன்படுகிறது. மேலும், அனுமதி வெளிப்படையாகத் தரப்படாவிடில், நிரல் எல்லை கடக்கும்போது ஜாவா எச்சரிக்கை ஒன்றை வெளியிடுகிறது. 2025 மார்ச்சில் வந்த ஜாவா 24 முதல் பழைய ஜேஎன்ஐ வழியே செல்வோர்க்கும் அதே எச்சரிக்கை எழுகிறது.