கண்ணீரை எழுதிய கை

கைலாசபுரத்தில் என் வகுப்பு மாணவர்களிடம் ஒரு நாள் கேட்டேன்: "'இரத்தக்கண்ணீர்' தெரியுமா?" கைகள் பல உயர்ந்தன. எம்.ஆர்.இராதாவின் கரகரத்த குரலை ஒருவன் பேசியே காட்டினான். "எழுதியவர் யார்?" என்றேன். உயர்ந்த கைகள் தாழ்ந்தன. தாழ்ந்தவை அவர்கள் கைகள். தாழ வேண்டியதோ நம் தலை!

திருவாரூர் கே.தங்கராசு! 1927இல் பிறந்து 2014இல் மறைந்த அவர், பெரியார் பாசறையின் பேச்சாளர். அவர் தீட்டிய அந்த நாடகம் 1949இல் அரங்கேறியது வேறெங்குமன்று, நம் திருச்சியில்தான். ஊர் ஊராய் ஒலித்த அது, 1954இல் திரைக்கு வந்தது. 'பராசக்தி'யைத் தந்த நேஷனல் பிக்சர்ஸ் எடுத்தது, கிருஷ்ணன்–பஞ்சு இயக்கினர். நாடகங்களுக்குக் கடிவாளம் பூட்ட சென்னை அரசு சட்டம் இயற்றியதும் அதே 1954இல்தான். மேடையின் வலிமைக்கு ஆட்சியாளர் அளித்த நற்சான்று அது!

'வேலைக்காரி'யும் 'பராசக்தி'யும் அடுக்குமொழியால் அரங்கை அதிரவைத்த காலம். தங்கராசுவின் கதையோ நையாண்டியால் நெஞ்சைத் தைத்தது. அயல்நாடு சென்று திரும்பிய செல்வன் மோகனசுந்தரம். தாயை இகழ்கிறான், மனைவி சந்திராவை மறந்து காந்தாவிடம் மயங்குகிறான், தொழுநோயுற்றுத் தெருவில் விழுகிறான். முடிவில் அவனே தன் மனைவியை நண்பன் பாலுவுக்கு மணம் முடிக்கச் சொல்கிறான். கணவனே கண்கண்ட தெய்வம் என்று கற்பித்த நாட்டில், கணவன் வாயாலேயே மறுமணம் பேச வைத்த துணிவு எவருடையது? எழுதியவனுடையதன்றோ?

எனினும் தோழர்களே, பகுத்தறிவு பிறரை மட்டும் உரசிப் பார்க்கும் கல்லன்று. தீயொழுக்கத்தின் தண்டனையாகத் தொழுநோயைக் காட்டியது அக்கதை. அந்நோய்க்குக் காரணம் ஒரு கிருமி என்பதை நார்வே மருத்துவர் ஹான்சன் 1873இலேயே கண்டார். நாடகம் அரங்கேறுவதற்கு 76 ஆண்டுகள் முன்பே! ஒழுக்கம் கெட்டவனுக்கு வரும் நோயன்று அது, உத்தமனுக்கும் வரும். கூட்டு மருந்து சிகிச்சையால் இன்று முற்றிலும் குணமாகும். விதியை வாசல் வழியே விரட்டிய நாடகத்தில், வினைப்பயன் சன்னல் வழியே நுழைந்துவிட்டது! மோகனசுந்தரத்தைக் கண்டு கைதட்டிய நாம், உண்மை நோயாளியைக் கண்டு ஒதுங்கினோமா இல்லையா? நெஞ்சைத் தொட்டுச் சொல்வோம்.

குறையைச் சொல்வது அவரைக் குறைப்பதற்கன்று. வணங்காமல் வாசிப்பதே அவர் வழி நிற்போர் செய்யத்தக்க மரியாதை.

அண்ணாவும் கலைஞரும் கோட்டை ஏறினர். அவர்தம் வசனங்களும் வரலாறு ஏறின. தேர்தலை நாடாத கழகத்தில் நின்ற தங்கராசுவுக்குப் பதவியில்லை. பெயருமா இல்லாமற்போக வேண்டும்?

மறுநாள் கரும்பலகையில் அப்பெயரை எழுதினேன். மணி அடித்த பின்னும் அதை அழிக்கவில்லை. ஏட்டில் எழுதிக்கொண்டனர் என் மாணவர். நீங்களும் எழுதிக்கொள்ளுங்கள்.