மரத்தூள் பெல்லட்

மரத்தூள் பெல்லட்: மரத்தூள், இழைப்புச் சுருள், பயிர்த்தட்டை, கடலைத்தோல், உமி முதலியவற்றை உலர்த்தி, பொடியாக அரைத்து, துளையிட்ட எஃகு அச்சின் வழியே அழுத்தி எடுக்கப்படும் சிறு உருளை வடிவ எரிபொருள். விட்டம் பெரும்பாலும் 6 அல்லது 8 மி.மீ.; நீளம் 4 செ.மீ.க்கு மேற்படாது. இதே பொருளைத் தடித்த கட்டைகளாக அழுத்தினால் அது பிரிக்கெட். தமிழ்நாட்டில் முதலில் பரவியது பிரிக்கெட்தான். நீலகிரித் தேயிலை ஆலைகளும் திருப்பூர்ச் சாயப்பட்டறைக் கொதிகலன்களும் விறகோடு அதையும் எரிக்கின்றன. பெல்லட் பின்னால் வந்தது. மூலப்பொருள் பற்றிய பகுதியில் பெரம்பலூர் மாவட்டம் வேப்பந்தட்டை வட்டத்திலுள்ள பூலாம்பாடிப் பகுதி எடுத்துக்காட்டாகக் கொள்ளப்பட்டுள்ளது.

முன்வரலாறு

தூளை அடைத்து எரித்தால் கட்டைபோல நின்று எரியும் என்பது தமிழ்நாட்டுச் சமையலறைக்கும் டீக்கடைக்கும் பழைய செய்தி. எரிவாயு பரவுவதற்கு முன் ஊர்தோறும் மரத்தூள் அடுப்பு இருந்தது. அடிப்பக்கம் ஒரு துளையிட்ட தகர டப்பாவின் நடுவில் பாட்டிலையோ வழவழப்பான கட்டையையோ நிறுத்துவார்கள். கீழ்த்துளை வழியாக இன்னொரு குச்சியைச் செருகி, சுற்றிலும் மரத்தூளைக் கொட்டிக் கையாலும் கட்டையாலும் இறுக இடிப்பார்கள். பிறகு பாட்டிலைத் திருகி மெதுவாக உருவினால் நடுவே புகைபோக்கிபோல ஒரு குழி நிற்கும். குச்சியையும் உருவிவிட்டுக் கீழிருந்து பற்றவைத்தால் குழியின் சுவர் உள்ளிருந்து வெளியே மணிக்கணக்கில் ஒரே சீராக எரியும். இடி தளர்ந்திருந்தால் தூள் சரிந்து அடுப்பு அணைந்துவிடும். அதனால் இறுக இடிப்பதற்கென்றே வீட்டில் ஒரு கைதேர்ந்தவர் இருப்பார். சாமில்களில் சாக்குக் கணக்கில் தூள் விற்றது. உமியையும் இவ்வாறே அடைத்து எரித்தார்கள். அடர்த்தி கூடினால் எரிதல் சீராகும், தூளுக்கு விலை கிடைக்கும் என்ற இரண்டு உண்மைகளும் இந்த அடுப்பிலேயே உள்ளன. பெல்லட் தொழிலின் அடிப்படையும் இவைதான்.

இயந்திரத்தால் அழுத்தும் முறைக்கு 1880இல் அமெரிக்காவின் சிகாகோவைச் சேர்ந்த வில்லியம் ஸ்மித் காப்புரிமை பெற்றார். மரத்தூளைச் சுமார் 66 டிகிரி செல்சியஸ் வரை சூடாக்கி, நீராவிச் சம்மட்டியால் அடித்து, நிலக்கரியின் அடர்த்திக்குக் கொண்டுவருவது அவர் முறை. 1930களில் ஐடஹோ மாநிலத்தின் லூயிஸ்டன் நகரில் ராபர்ட் பௌலிங் அமைத்த இயந்திரம், அறுவை ஆலைக் கழிவைப் பசை எதுவும் சேர்க்காமல் உருளைக் கட்டைகளாக்கியது. அவை பிரெஸ்டோ லாக் என்ற பெயரில் விற்றன. கால்நடைத் தீவனத்தை வளைய அச்சில் அழுத்திக் குச்சிகளாக்கும் இயந்திரமும் இதே காலத்தில் வளர்ந்துவந்தது. இன்றைய பெல்லட் இயந்திரம் அந்தத் தீவன இயந்திரத்தின் வழிவந்தது. நாமக்கல் கோழித்தீவன ஆலைகளில் ஓடும் குச்சித்தீவன இயந்திரத்தைப் பார்த்தவர்களுக்குப் பெல்லட் ஆலை புதிதாகத் தோன்றாது.

1973ஆம் ஆண்டின் எண்ணெய் நெருக்கடி இந்த எரிபொருளுக்குச் சந்தையை உண்டாக்கியது. ஒரேகான் மாநிலத்தின் பிரவுன்ஸ்வில்லில் ருடால்ஃப் குனர்மன் மரப்பெல்லட் தயாரித்து, 1977இல் காப்புரிமை பெற்றார். அவர் சரக்கின் பெயர் வுட்எக்ஸ். விமானப் பொறியாளரான ஜெர்ரி விட்ஃபீல்ட் 1980களில், தானே பெல்லட்டை ஊட்டிக்கொள்ளும் வீட்டுக் கணப்படுப்பை உருவாக்கியதும் வட அமெரிக்க வீடுகளில் பெல்லட் இடம்பிடித்தது. ஸ்வீடனின் மோரா நகரில் 1982இல் திறந்த ஆலை நான்கே ஆண்டுகளில் மூடப்பட்டது. எண்ணெய் விலை இறங்கியதும் வாங்க ஆளில்லாமல் போனது. 1991இல் அந்நாடு கார்பன் டை ஆக்சைடு வரி விதித்த பிறகே தொழில் அங்கே மீண்டும் எழுந்தது. பெரும்பாலான நாடுகளில் வரியோ மானியமோதான் பெல்லட்டைப் பெருந்தொழிலாக்கியது.

செய்முறை

பச்சை மரத்தில் ஏறக்குறையப் பாதி எடை நீர். அதை 10 முதல் 12 விழுக்காடு ஈரம் வரை உலர்த்துவதுதான் ஆலையின் பெரிய செலவு. ஈரம் கூடினால் உருளை நொறுங்கும். மிகக் காய்ந்தால் அச்சுத் துளை அடைத்துக்கொள்ளும். உலர்ந்த பொருளைச் சுத்தியல் அரவையில் பொடித்து அச்சுக்குள் விடுகிறார்கள். உள்ளே சுழலும் ரோலர்கள் பொடியை ஒரு விரலுக்கும் மெல்லிய துளைகளுக்குள் திணிக்கும்போது உராய்விலேயே சூடு 100 டிகிரியை எட்டுகிறது. மரத்தின் நார்களைப் பிணைக்கும் லிக்னின் அந்தச் சூட்டில் இளகிப் பசையாகிறது. அச்சின் வெளிப்புறத்தில் நிற்கும் கத்தி உருளைகளை நறுக்கித் தள்ளுகிறது. அப்போது அவை தொட முடியாத சூட்டில், அழுத்தினால் உடையும் பதத்தில் இருக்கும். காற்று செலுத்தி ஆறவைத்த பின்பே இறுகி, மேற்பரப்பில் பளபளப்பு ஏறுகிறது. உமியும் மண் கலந்த தட்டையும் அரைபட்டால் சிலிக்கா அச்சைத் தேய்த்துவிடும். அச்சு மாற்றும் செலவு சிறு ஆலைகளின் நிலையான தலைவலி.

தளர்ந்த மரத்தூள் கனமீட்டருக்கு 200 கிலோகூடத் தேறாது. பெல்லட் 600 கிலோவைத் தாண்டும். கிலோவுக்குச் சுமார் 4,000 கிலோகலோரி வெப்பம் தருகிறது. அனல் மின் நிலையங்களுக்கு வரும் இந்திய நிலக்கரியின் வெப்பமும் பெரும்பாலும் இதே அளவுதான். நிலக்கரியில் 35 விழுக்காட்டுக்கும் மேல் சாம்பல் நிற்க, நல்ல மரப்பெல்லட்டில் ஒரு விழுக்காடுகூட நிற்பதில்லை.

குவித்து வைத்த பெல்லட் கார்பன் மோனாக்சைடை வெளிவிட்டு, சுற்றியுள்ள காற்றில் ஆக்சிஜனையும் குறைக்கும். 2006இல் ஸ்வீடனின் ஹெல்சிங்போரி துறைமுகத்தில் பெல்லட் இறக்கிக்கொண்டிருந்த கப்பலின் படிக்கட்டுக் கூண்டில் இறங்கிய மாலுமி ஒருவர் இதனால் உயிரிழந்தார். மூடிய கிடங்குக்குள் காற்றைச் சோதிக்காமல் இறங்கக் கூடாது.

மூலப்பொருளும் வகைப்பாடும்

ஐ.எஸ்.ஓ. 17225 என்ற பன்னாட்டுத் தர வரிசை மரப்பெல்லட்டையும் மரமல்லாத பெல்லட்டையும் தனித்தனிப் பிரிவுகளில் வைக்கிறது. வீட்டு உபயோகத்துக்கான ஏ1 தரத்தில் சாம்பல் 0.7 விழுக்காட்டுக்கும், ஈரம் 10 விழுக்காட்டுக்கும் மேற்படக் கூடாது. பட்டை உரித்த தண்டு மரமும் அறுவை ஆலைத் தூளுமே இத்தரத்துக்கு எட்டும். பயிர்க்கழிவு எட்டாது. அதனால் பயிர்க்கழிவுப் பெல்லட்டைத் தாழ்ந்த சரக்கு என்று கருதும் வழக்கம் சந்தையில் வந்துவிட்டது. இது ஐரோப்பிய வீட்டுக் கணப்படுப்பை வைத்து வகுத்த அளவுகோல். ஆலைச் சூளைக்கு அது பொருந்தாது.

பூலாம்பாடி பச்சைமலையின் அடிவாரத்துப் பேரூர். மாவட்டத்தின் பெரும்பகுதி மானாவாரி நிலம். பருத்தி, மக்காச்சோளம், சின்ன வெங்காயம் ஆகியவை முதன்மைப் பயிர்கள். வேப்பந்தட்டையில் பருத்தி ஆராய்ச்சி நிலையம் உள்ளது. இப்பகுதியில் கிடைக்கும் எரிபொருள் எச்சங்களைப் பின்வருமாறு பிரிக்கலாம்.

முதலாவது மரத்தூள். பூலாம்பாடிக்குப் பக்கத்துப் பேரூரான அரும்பாவூர் மரச்சிற்பங்களுக்குப் பெயர் பெற்றது. 2020இல் அச்சிற்பங்களுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. வாகை, மா, வேம்பு முதலிய மரங்களிலிருந்து தெய்வ உருவங்களும் தேர்ச் சிற்பங்களும் அங்கே செதுக்கப்படுகின்றன. உளி சீவும் சிராயும் அறுவைத் தூளும் உலர்ந்தவை, பட்டையற்றவை. தரத்தில் இப்பகுதியின் முதல் சரக்கு இவைதான். ஆனால் அளவு சிறிது. பட்டறைகளை நம்பி ஆலை ஓடாது.

இரண்டாவது பருத்திமார். பஞ்செடுத்து முடிந்ததும் நிற்கும் செடி இது. தண்டு கட்டையானது, வேரோடு பிடுங்க வேண்டும். வயலில் விட்டால் காய்ப்புழுவும் தண்டு வண்டும் அடுத்த பட்டத்துக்குத் தங்கிவிடும். அந்நாளைய சென்னை மாகாணத்தில் 1919ஆம் ஆண்டின் வேளாண் பூச்சி, நோய்ச் சட்டத்தின்கீழ், கம்போடியப் பருத்திச் செடியைக் குறித்த காலத்துக்குள் பிடுங்கி அகற்றும்படி விவசாயிகள் கட்டாயப்படுத்தப்பட்டதற்கும் இதுவே காரணம். பிடுங்கிய மாரைக் கட்டுக்கட்டாய் அடுக்கி ஆண்டு முழுவதும் அடுப்பெரித்த காலம் இருந்தது. எரிவாயு உருளை வந்தபின் அந்தத் தேவை சுருங்கிவிட்டது. மண்ணுக்கு உரமாக விட வேண்டும் என்று சொல்லப்படுவது பருத்திமாருக்குப் பொருந்தாது. அது எளிதில் மட்காது, புழுவுக்கும் இடங்கொடுக்கும். வெப்பத்தில் மரத்துக்கு அருகில் வருவதும், சாம்பல் சில விழுக்காடே நிற்பதும் இதன் சிறப்பு. இவ்வட்டாரத்தின் இயல்பான பெல்லட் மூலப்பொருள் பருத்திமாரே.

மூன்றாவது மக்காச்சோளம். மணி நாமக்கல் கோழித்தீவனத்துக்குப் போகிறது. மணி உதிர்த்த கதிர்ச்சக்கை களத்திலேயே குவிகிறது. சக்கை உலர்ந்தது, சாம்பல் குறைந்தது, சேகரிக்க எளியது. தட்டையில் மாட்டுக்குப் போனது போக மிஞ்சுவதையே எண்ண வேண்டும். பால்மாடு வைத்திருப்பவரின் தீவனத்தில் கைவைக்கும் எரிபொருள் திட்டம் ஊரில் நிலைக்காது.

கடலைத்தோல், கரும்புச்சோகை, உமி ஆகியவை நான்காவது பிரிவு. எறையூர்ப் பொதுத்துறைச் சர்க்கரை ஆலையின் கரும்புச்சக்கை ஆலைக் கொதிகலனுக்கே போய்விடுகிறது. உமியில் சாம்பல் 15 முதல் 20 விழுக்காடு; வைக்கோல், சோகை போன்றவற்றிலுள்ள பொட்டாசியமும் குளோரினும் கொதிகலன் குழாய்களில் கசடாகப் படியும். சீமைக்கருவேலம் இவற்றில் சேராது. அது எச்சம் என்ற கணக்கில் வராது, தனி மரம். அதன் விறகுக்கும் கரிக்கும் தென் மாவட்டங்களில் முன்பே சந்தை உண்டு.

பருத்திமாரை லாரியில் ஏற்றினால் எடை ஏறும் முன் இடம் நிறைந்துவிடும். ஆகவே மாரை வயலருகே துண்டாக்கி, சில ஊர்களுக்கு ஒன்றாக அமையும் சிறு ஆலையில் பெல்லட்டாக்கிய பிறகே நெடுந்தூரம் அனுப்புவது கட்டுப்படியாகும். வாங்குவோர் தொலைவில் இல்லை. சுண்ணாம்புக்கல் வளத்தால் அரியலூரைச் சுற்றி ரெட்டிபாளையம், கோவிந்தபுரம், தளவாய், கீழப்பழுவூர் ஆகிய இடங்களிலும், அரியலூரில் அரசின் டான்செம் நிறுவனத்திலும் சிமெண்ட் ஆலைகள் இயங்குகின்றன. சிமெண்ட் சூளையின் உள்ளே பொருள் சுமார் 1,450 டிகிரியில் வேகிறது. எரிபொருளின் சாம்பல் கிளிங்கரிலேயே கலந்துவிடுகிறது. உமியின் சிலிக்காவும் அங்கே வீணாவதில்லை. மின் நிலையக் கொதிகலனுக்குக் குறையாகும் சாம்பல் சூளைக்குக் குறையாவதில்லை.

உலக வணிகம்

1998இல் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவிலிருந்து ஸ்வீடனுக்குப் பெல்லட் கப்பல் சென்றதிலிருந்து கடல்கடந்த வணிகம் வளர்ந்தது. 2000ஆம் ஆண்டையொட்டி உலக உற்பத்தி சுமார் 20 லட்சம் டன். 2020களின் தொடக்கத்தில் 4.5 கோடி டன்னைத் தாண்டியது. 2009ஆம் ஆண்டின் ஐரோப்பிய ஒன்றியப் புதுப்பிக்கத்தக்க ஆற்றல் நெறியாணை இதற்கு முதன்மைக் காரணம். இங்கிலாந்தின் யார்க்‌ஷயரிலுள்ள டிராக்ஸ் அனல் மின் நிலையம் 2013க்கும் 2018க்கும் இடையில் நான்கு அலகுகளை நிலக்கரியிலிருந்து பெல்லட்டுக்கு மாற்றியது. ஆண்டுக்கு 60 லட்சம் டன்னுக்கு மேல் எரித்த அந்நிலையத்துக்கு அமெரிக்காவின் தென்கிழக்கு மாநிலங்களிலிருந்தும் கனடாவிலிருந்தும் சரக்கு வந்தது. ஆசியாவில் ஜப்பானும் தென் கொரியாவும் வாங்குகின்றன. வியட்நாம் பெருமளவில் விற்கிறது. உலகின் மிகப்பெரிய உற்பத்தியாளராக இருந்த அமெரிக்காவின் என்வீவா 2024 மார்ச்சில் திவால் பாதுகாப்பு கோரியது.

கரிமக் கணக்கு

ஒரு டன் மரப்பெல்லட் எரிந்தால் சுமார் 1.7 டன் கார்பன் டை ஆக்சைடு வெளியேறும். மின் நிலையத்தில் இது கணக்கில் ஏறுவதில்லை. மரம் வெட்டப்பட்ட நாட்டின் நிலப் பயன்பாட்டுக் கணக்கில் ஏற வேண்டும் என்பது விதி. கப்பல் ஏறும் பெல்லட்டுக்குப் பசுமைப் பெயர் கிடைத்தது இந்த விதியால்தான். 2018 ஜனவரியில் ஏறக்குறைய 800 விஞ்ஞானிகள், எரிபொருளுக்கென மரம் வெட்டுவதைப் புதுப்பிக்கத்தக்கது என்று எண்ணக் கூடாதென ஐரோப்பிய நாடாளுமன்றத்துக்கு எழுதினார்கள். வெட்டிய மரம் இழந்த கரிமத்தை மீண்டும் சேர்க்கப் பல பத்தாண்டுகள் ஆகும். பருத்திமாரோ ஆறேழு மாதத்தில் காற்றிலிருந்து எடுத்ததைத் திருப்பித் தருகிறது. எரிக்காமல் விட்டாலும் சில ஆண்டுகளில் அக்கரிமம் காற்றுக்கே போகும். புதுப்பிக்கத்தக்கது என்ற சொல்லுக்கு முழுத் தகுதி உடையது எச்சத்திலிருந்து, அருகிலேயே செய்து, அருகிலேயே எரிக்கும் பெல்லட் மட்டுமே.

இந்திய நிலை

நாட்டில் ஆண்டுக்குச் சுமார் 75 கோடி டன் உயிர்த்திரள் கிடைக்கிறது. அதில் மிஞ்சுவது ஏறத்தாழ 23 கோடி டன் என்பது மத்திய அரசின் மதிப்பீடு. 2017இல் தேசிய அனல் மின் கழகம் தாத்ரியில் நிலக்கரியோடு பெல்லட் கலந்து எரித்துப் பார்த்தது. 2021இல் இக்கலப்பை ஊக்குவிக்கும் சமர்த் என்ற தேசிய இயக்கம் தொடங்கியது. 2023இல் திருத்திய ஆணைப்படி நிலக்கரி நிலையங்கள் 2024–25இல் 5 விழுக்காடும் 2025–26இல் 7 விழுக்காடும் உயிர்த்திரள் கலக்க வேண்டியிருந்தது. 2022 நவம்பரில் அறிவித்த தேசிய உயிரி ஆற்றல் திட்டம் பெல்லட் ஆலைக்கு மணிக்கு 1 டன் திறனுக்கு 9 லட்சம் ரூபாய், அதிகபட்சம் 45 லட்சம் ரூபாய் என உதவித்தொகை வகுத்தது. மேட்டூர், தூத்துக்குடி, வட சென்னை நிலையங்களும் கலப்பு ஆணைக்குள் வருகின்றன. பூலாம்பாடிச் சரக்குக்கு அவற்றைவிட அரியலூர்ச் சூளைகளே பக்கம்.